ஏழாம் மதகு

பேரணையில் தண்ணீர் வந்து நான் பார்த்ததில்லை.
வந்ததெல்லாம் காலம்தான்.
விநாடிக்கு நானூறு விநாடி என்று
கரும்பலகையில் எழுதிவிட்டுத் திறப்போம்.
இருபோகக்காரனுக்கு நாளுக்கு ஒரு நாள்.
மதுரைக்குக் கொஞ்சம் கூடுதல்,
ஆஸ்பத்திரி, கோர்ட்டு, ரயிலடி என்று காரணம் சொல்வார்கள்.
மேலூர்க் கடைமடைக்கு
மிச்சம் இருந்தால்.

மிச்சம் இருந்ததில்லை.

நான் லஸ்கர். மொக்கராசு.
ஷட்டருக்குக் கிரீஸ் போடுவது,
அளவுகோலில் அப்பிய பழைய வெள்ளிக்கிழமைகளைச் சுரண்டுவது,
மதகில் சிக்கிய யாருடைய மதியத்தையோ
கம்பால் தள்ளிவிடுவது,
இவ்வளவுதான் உத்தியோகம்.

ஒரு ராத்திரி சேவுகன் என்பவர் வந்தார்.
கடைமடைக்காரர் என்று பார்த்ததும் தெரிந்தது.
காலையில் மழித்த முகம்,
பதினோரு வருசமாக அதே காலை.
"அங்கேருந்து நடந்து வந்ததுக்கு நேரமே ஆகலைய்யா,
கள்ளந்திரி தாண்டினப்புறம்தான்
காலு வலிச்சுச்சு" என்றார்.

மகள் பொன்னழகிக்கு வலி கண்டிருக்கிறது.
தலை தெரியுதுன்னு மருத்துவச்சி சொன்னா,
சொன்ன வாய் இன்னும் மூடலை.
ஒரு மூணு மணி நேரம் விடுங்க,
கடனாக்கூட எழுதிக்கங்க.

கடன் எழுத நோட்டு இல்லை.
ஏழாம் மதகை நான்கு அங்குலம் தூக்கினேன்.
நான்கே அங்குலம்.
பலகை கையோடு வந்துவிட்டது.

செல்லூரில் செவ்வாய்க்கிழமை மூன்று முறை விடிந்தது,
தறிக்காரர்கள் மூன்றுக்கும் கூலி கேட்டார்கள்.
சிம்மக்கல்லில் ஒரு பையன்
ஒன்பதாம் வகுப்பில் மாடி ஏறி
பென்ஷன் புத்தகத்தோடு இறங்கினான்.
பூ மார்க்கெட்டில் மல்லிகை மொட்டாகி, கொடியாகி,
கூடைக்காரி கையில் ஈரமண்.
யானைக்கல் பாலத்தில்
நாளை மறுநாள் மோதப்போகும் லாரியைச் சுற்றி
அன்றைக்கே கூட்டம்.
டிரைவரும் அந்தக் கூட்டத்தில் நின்று
எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அழகர், முதல் தடவையாக,
தங்கச்சி கல்யாணத்துக்கு முன்னாலேயே வந்து சேர்ந்தார்.
பந்தக்கால்கூட ஊன்றியிருக்கவில்லை.
சீரோடு நின்றார் பாவம்,
கோபித்துக்கொண்டு திரும்ப
ஒரு காரணமும் இல்லாமல்.

சிரிக்கலாம். நானும் சிரித்தேன்,
கோரிப்பாளையம் வரும்வரை.

அங்கே ஒரு தெருவுக்கு நேற்று அடித்துப் போய்விட்டது.
நூற்றிப் பத்து வீடு. சுவர்கள் நின்றன.
அடுப்பில் பால் பொங்கிக்கொண்டிருந்தது.
பால் வைத்தவர்
பிறந்திருக்கவே இல்லை.
எதிர் தெரு சிக்கந்தர் பாட்சா
ஒரு வாசலில் நின்று கூப்பிட வாயெடுத்தார்,
யாரை என்று தெரியாமல்
அழுதுகொண்டே திரும்பினார்.
அவருக்கு ஒரு தம்பி இருந்தானா?
கமிஷனிலும் அதைத்தான் கேட்டார்.
என்னைப் பார்த்துக் கேட்டார்.

நீதிபதி என்னிடம் கேட்டது இரண்டு கேள்வி.
எப்போது திறந்தாய்?
அதற்கு இனி யாரிடமும் பதில் இல்லை.
ஏழாம் மதகுக்கு எப்போது கிரீஸ் போட்டாய்?
போட்டதே இல்லை ஐயா.
கடைமடை மதகு, திறக்காத மதகு, எதுக்கு என்று.

இதை மட்டும் டைப்பிஸ்ட்
நிமிர்ந்து பார்த்துவிட்டு அடித்தாள்.

இப்போது மத்திய சிறை.
எத்தனை வருடம் என்று தீர்ப்பில் எழுதியிருக்கிறார்கள்,
எதால் அளப்பது என்று ஜெயிலருக்குத் தெரியவில்லை.
சுவரில் நான் கோடு போடுகிறேன்,
சில நாள் கோடு எனக்கு முன்னாலேயே இருக்கிறது.

சேவுகன் கார்டு போட்டிருந்தார்.
பொம்பளைப் பிள்ளை. நல்ல சத்தம்.
தேதி இருக்க வேண்டிய இடத்தில் "இன்று" என்று இருந்தது.
கோரிப்பாளையத்தை அவரும் கேள்விப்பட்டிருக்கிறார்,
அதைப் பற்றி எழுத ஆரம்பித்து அடித்திருந்தார்.
பிள்ளைக்கு என் பெயரை வைக்கவில்லை.
நல்லது.

கடைசி வரி, இடம் போதாமல்
ஓரத்தில் நெருக்கி எழுதியது:
மருத்துவச்சி வாயை மூடிவிட்டாள்.